நலமாக இருக்கிறேன் என்னும் சொல்

(வெள்ளிவிழாவின் இரண்டாம் நாள் கல்வியரங்கில், அரசு உயர்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் ஒருவர் ஆற்றிய உரை)

    

"இன்றைய இளைஞரும் கைபேசியும்" என்னும் பொருளில் பேசவேண்டும் என்று செயலாளர் அவர்கள் பணித்தார்கள். இப்பொருளில் பேசுவது என்போன்ற தலைமையாசிரியர்களுக்கு மிக எளிது. கைபேசி தீது, புத்தகம் நன்று என்று அரைமணி நேரம் முழங்கிவிட்டு, மேடையை விட்டு இறங்கியதும் சட்டைப்பையிலிருந்து அக்கைபேசியையே எடுத்து யார் என்ன அனுப்பியிருக்கிறார்கள் என்று பார்த்துக்கொள்ளலாம். அவ்வாறு பேச நான் விரும்பவில்லை. அக்கருவிக்குப் பின்னே ஒளிந்துகொண்டு நம் பிள்ளைகள் தனியே படுகின்ற துன்பத்தைப் பற்றியும், அத்துன்பத்தை அவர்கள் நம்மிடமே மறைப்பதற்கு நாமே காரணமாகிவிடுகிறோமோ என்னும் என் ஐயத்தைப் பற்றியும் பேச இசைவு தாருங்கள்.

முதற்கண் என் குற்றம் ஒன்றை ஒப்புக்கொண்டு தொடங்குகிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன்னர், என்னிடம் பத்தாம் வகுப்பு வரை பயின்ற மாணவர் ஒருவர், திருச்சுழிப் பக்கத்துச் சிற்றூரைச் சேர்ந்தவர், மேல்நிலைக் கல்வி முடித்துத் தொலைவிலுள்ள பொறியியல் கல்லூரி ஒன்றில் இடம் பெற்றார். தந்தை சீமைக்கருவேல் வெட்டிக் கரிமூட்டம் போடும் தொழிலாளி. தாய் பருத்தி எடுக்கவும் மல்லிச்செடி பிடுங்கவும் கூலிக்குச் செல்பவர். அத்தெருவிலிருந்து பொறியியல் படிக்கச் சென்ற முதற்பிள்ளை அவர்தாம். நாம் என்ன செய்தோம்? தெருமுனையில் பத்தடி உயரத்தில் பிளக்ஸ் வைத்தோம். அதில் ஒருபுறம் அண்ணல் அம்பேத்கர், மறுபுறம் அம்மாணவர். இதே மண்டபத்தில் பொன்னாடை போர்த்தினோம். "இனி நம் தெருவின் மானம் உன் கையில் இருக்கிறது" என்று ஒலிபெருக்கியில் முழங்கியவன் வேறு யாருமல்லன். உங்கள் முன் நிற்கும் நானே.

மாதம் இருமுறையேனும் அவரிடமிருந்து வாட்சப்பில் செய்தி வரும். "நல்லா இருக்கேன் சார்" என்று ஒரு வரி. கல்லூரி வாயிலிலோ நூலகத்தின் முன்னரோ நின்று சிரிக்கும் படம் ஒன்று. நான் கட்டைவிரலை உயர்த்திக் காட்டும் பொம்மை ஒன்றை அனுப்பிவிட்டு அடுத்த வேலையைப் பார்ப்பேன். ஏறத்தாழ ஓராண்டு இவ்வாறே கழிந்தது.

நடந்தது வேறு. ஆங்கிலத்தில் நடத்திய பாடங்கள் அவருக்குப் பிடிபடவில்லை. ஐந்து தாள்களில் தேறவில்லை. உடன் தங்கியிருந்தவர்கள் முதல் வாரத்திலேயே "உன் கட்ஆப் எவ்வளவு?" என்று கேட்டார்கள். நம் பிள்ளைகளிடம் அக்கேள்வி எதற்காகக் கேட்கப்படுகிறது என்பதை நான் விளக்க வேண்டுவதில்லை. மெல்ல மெல்ல வகுப்புக்குச் செல்வதை நிறுத்தினார். பகலெல்லாம் உறக்கம், இரவெல்லாம் கைபேசி. எனக்கு வந்த படங்களோ, நான்கு சட்டைகளை மாற்றி மாற்றி ஒரே நாளில் எடுத்து வைத்துக்கொண்டவை. அவற்றையே வாரத்திற்கு ஒன்றாக அனுப்பியிருக்கிறார்.

ஒருநாள் எவரிடமும் சொல்லாமல் ஊருக்குப் புறப்பட்டு வந்துவிட்டார். கடைசிப் பேருந்தில் இறங்கி நடந்தவர், தெருமுனையில் வெயிலில் வெளிறிப்போய் நின்ற அந்தப் பிளக்சைக் கண்டதும் உள்ளே செல்ல மனமின்றித் திரும்பிவிட்டார். இரவு முழுவதும் பேருந்து நிழற்குடையில் கிடந்தார். விடியற்காலையில் மூட்டத்திலிருந்து திரும்பிய தந்தைதான் கண்டு அழைத்துச் சென்றார். பின்னர் என்னிடம் அவர் சொன்னது இது: "அந்த போர்டுல இருக்கிறவன் வேற ஆளு சார். அவனைத் தாண்டி வீட்டுக்குப் போக முடியலை."

பெயர் சொல்லாமல் இதைக் கூறிக்கொள்ள அவரே எனக்கு இசைவு தந்தார். தற்போது அவர் நலமாக இருக்கிறார். உண்மையிலேயே நலமா என்று இம்முறை நேரில் சென்று பார்த்துவிட்டுத்தான் சொல்கிறேன்.

பெரியோர்களே, மறைத்து வாழும் இத்துன்பத்தைக் கைபேசிதான் கொண்டுவந்தது என்று எண்ணிவிடலாகாது. திவான் பகதூர் இரட்டைமலை சீனிவாசன் அவர்கள் எண்பதை நெருங்கிய வயதில், 1939இல், 'ஜீவிய சரித்திர சுருக்கம்' என்னும் சிறுநூலை வெளியிட்டார்கள். அதில் தம் பள்ளிப்பருவத்தைக் குறித்து ஓரிடத்தில் கூறுகிறார்கள். கோயம்புத்தூரில் அவர் பயின்ற கலாசாலையில் ஏறத்தாழ 400 மாணவர். பத்துப்பேர் நீங்கலாக ஏனையோர் பிராமணர். பிறருடன் பழகினால் தம் குலமும் குடியிருப்பும் வெளிப்பட்டுவிடுமே என்னும் அச்சத்தால் அச்சிறுவர் எவருடனும் நட்புக் கொள்ளவில்லை. மணி அடிக்கும் வரை பள்ளிக்கு வெளியே எங்கேனும் அமர்ந்து படித்துக்கொண்டிருப்பார். மணி அடித்ததும் உள்ளே செல்வார். வகுப்பு முடிந்ததும் விரைந்து வீடு திரும்பிவிடுவார். மற்றப் பிள்ளைகளோடு ஓடியாடி விளையாட முடியாமற்போன மனத்துயரை, வாழ்வில் எத்தனையோ சிறப்புகளைப் பெற்ற பின்னரும், அவர் மறக்கவில்லை.

பள்ளிக்கு வெளியே புத்தகத்தில் முகம் புதைத்து மணியோசைக்காகக் காத்திருந்த அச்சிறுவரையும், விடுதி அறையின் மூலையில் கைபேசியில் முகம் புதைத்துக் கிடந்த நம் மாணவரையும் அருகருகே வைத்துப் பார்க்கிறேன். இடையே நூற்றைம்பது ஆண்டுகள் ஆகப்போகின்றன.

ஆனால் அச்சிறுவர் அவ்விடத்திலேயே நின்றுவிடவில்லை. 1893இல் சென்னையில் ஓர் இதழ் தொடங்கினார். அதற்குப் 'பறையன்' என்று பெயரிட்டார். எந்தப் பெயர் வெளிப்பட்டுவிடக் கூடாதென்று அஞ்சித் தனித்திருந்தாரோ, அந்தப் பெயரையே இதழின் தலைப்பில் அச்சிட்டார். 1930இல் டாக்டர் அம்பேத்கரோடு இலண்டன் வட்டமேசை மாநாட்டில் அமர்ந்தார். இத்துணிவு தனியறையில் விளைந்தது என்று நான் நம்பவில்லை. இடையில் அவர் தம் மக்களைத் தேடிச் சென்றார், சபை அமைத்தார், தம்மைப்போல் மறைந்து வாழ்ந்தோர் எத்தனை பேர் என்பதைக் கண்டுகொண்டார்.

இனிக் கைபேசிக்கு வருகிறேன். நான் எண்பதுகளில் ஆதிதிராவிடர் நல விடுதியில் தங்கிப் படித்தவன். வீட்டுக்கு இன்லண்டு கடிதம் எழுதுவேன். என் தாய்க்கு எழுத்துத் தெரியாது. எங்கள் தெருவில் பட்டாளத்திலிருந்து ஓய்வுபெற்று வந்த தாத்தா ஒருவர் திண்ணையில் அமர்ந்து அதை உரக்கப் படிப்பார், தெருவே கேட்கும். ஒருமுறை நானும் "நலம், நலமறிய அவா" என்றுதான் எழுதினேன். படித்து முடித்த அத்தாத்தா, "பையன் எப்பவும் வெள்ளாட்டைப் பத்திக் கேப்பானே, இந்தத் தடவை கேக்கலையே" என்றாராம். மறுநாள் முற்பகலில் என் தந்தை காராச்சேவுப் பொட்டலத்தோடு விடுதி வாசலில் நின்றார். அவ்விடுதியில் எனக்கு என்ன நேர்ந்தது என்பது இங்கு வேண்டா. தந்தையும் அதைக் கேட்கவில்லை. வேப்பமரத்தடியில் உட்கார்ந்தார், நான் அருகில் உட்கார்ந்து அழுதேன், மாலைப் பேருந்தில் அவர் திரும்பினார். அவ்வளவுதான். நான் படிப்பை விடாமல் முடித்ததற்கு அந்த ஒரு பகல் காரணம் என்று இன்றும் எண்ணுகிறேன்.

அக்கடிதத்தில் ஒரு பொய்யை எழுதினாலும், பொய்யைக் கண்டுபிடிக்கும் காதுகள் அதைச் சுற்றி இருந்தன. இன்று செய்தி ஒரு கைபேசியிலிருந்து மற்றொரு கைபேசிக்கு, ஓசையின்றிச் சென்று சேர்ந்துவிடுகிறது. காணொளி அழைப்பில் முகம் தெரிகிறதே என்பீர்கள். முகம் தெரிகிறது, முகத்தைத் தவிர வேறொன்றும் தெரிவதில்லை. சாப்பிட்ட தட்டு தெரியாது. கிழிந்த பாய் தெரியாது. அழைப்பு முடிந்தபின் அம்முகம் எப்படி மாறுகிறது என்பது தெரியாது. என் பள்ளியில் ஒவ்வொரு வகுப்பிலும், பெற்றோர் திருப்பூர் பனியன் கம்பெனிகளிலும் கோவைப் பக்கத்து ஆலைகளிலும் இருக்க, பாட்டியின் வீட்டில் வளரும் பிள்ளைகள் சிலராவது உண்டு. ஞாயிற்றுக்கிழமை தோறும் காணொளியில் பேசிக்கொள்கிறார்கள். தந்தை தம் கடனை மறைக்கிறார். மகள் தன் காய்ச்சலை மறைக்கிறாள். இருவரும் சிரிக்கிறார்கள். இருவரும் ஒருவர்மேல் ஒருவர் கொண்ட அன்பினாலேயே மறைக்கிறார்கள்; அதனாலேதான் இதைக் கண்டிக்க என்னால் இயலவில்லை.

இன்னொன்றையும் இளைஞர்கள் அறிவீர்கள்; பெரியோர்கள் அறியமாட்டீர்கள். முன்பெல்லாம் சாதியின் இழிசொல் ஊர்த்தெருவோடும் தேநீர்க்கடையோடும் நின்றது. வீட்டுக்குள் வந்து கதவடைத்துக்கொண்டால் ஓய்வு கிடைத்தது. இன்று இன்ஸ்டாகிராமில் அரைநிமிடக் காட்சிகளாக, பாட்டோடும் அரிவாளோடும், அது பிள்ளையின் தலையணை வரைக்கும் வருகிறது. இரவு பதினொரு மணிக்கு அதைப் பார்க்கும் பதினைந்து வயதுப் பையன், அதை அனுப்பியவனோடு மறுநாட்காலை ஒரே பெஞ்சில் அமரவேண்டும். அவன் இதை யாரிடம் சொல்வான்?

தனிமை என்பது இன்று உலகமே கவலைப்படும் பொருளாகியிருக்கிறது. பிரிட்டனில் 2018இலும், சப்பானில் 2021இலும், தனிமைத் துயரைக் கவனிப்பதற்கென்றே அமைச்சரிடம் பொறுப்பு ஒப்படைத்தார்கள். உலக நலவாழ்வு நிறுவனம் அமைத்த ஆணையம் 2025 சூனில் வெளியிட்ட அறிக்கை, உலகில் ஆறுபேரில் ஒருவர் தனிமையால் துன்புறுகிறார் என்றும், இத்துன்பம் முதியோரைவிட இளையோரிடம் மிகுதி என்றும் கூறுகிறது. நம் திருச்சுழி 1879இல் இரமண மகரிஷி பிறந்த ஊர். அவர் பதினாறு வயதில் வீட்டைத் துறந்து திருவண்ணாமலையில் தனித்திருந்தார். அத்தனிமை அவரே தேடிச்சென்ற செல்வம். நான் பேசும் தனிமையோ பிள்ளையின்மேல் பிறர் சுமத்தியது. தமிழில் இரண்டிற்கும் ஒரே சொல் வழங்குவதால் சிலர் மயங்குகிறார்கள்.

தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்குப்படி 2022ஆம் ஆண்டில் இந்நாட்டில் தம் உயிரைத் தாமே போக்கிக்கொண்ட மாணவர் 13,044 பேர். இவர்களெல்லாம் மனவலிமை அற்றவர்கள் என்று சிலர் மேடையிலேயே பேசுகிறார்கள். அவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. ஐதராபாத்தில் 2016இல் மறைந்த ரோகித் வெமுலா, சேலத்திலிருந்து தில்லிக்குச் சென்று 2017இல் மறைந்த ஆய்வு மாணவர் முத்துக்கிருஷ்ணன், மும்பையில் 2019இல் மறைந்த பழங்குடி மருத்துவர் பாயல் தட்வி ஆகிய மூவரும் எத்தனையோ தடைகளைத் தாண்டி அவ்விடங்களை அடைந்தவர்கள். வலிமை இல்லாதவர்கள் அத்தனை தொலைவு செல்ல இயலுமா? தில்லி அகில இந்திய மருத்துவ அறிவியல் கழகத்தை ஆராய்ந்த தோரட் குழு 2007இலேயே, தாழ்த்தப்பட்ட, பழங்குடி மாணவர்கள் விடுதியில் குறிப்பிட்ட சில மாடிகளில் ஒதுங்கி வாழ நேர்ந்ததை எடுத்துக்காட்டியது. ரோகித்தின் தாயாரும் பாயலின் தாயாரும் 2019இல் உச்சநீதிமன்றத்தின் படியேறி, பல்கலைக்கழகங்களில் சாதிப் பாகுபாட்டைத் தடுக்க வழிசெய்யுமாறு கேட்டார்கள். ஒரு மரணத்திற்குக் காரணம் ஒன்றேயென்று நான் கூறவில்லை. ஆனால் சூழலைத் திருத்தாமல் பிள்ளையை மட்டும் திருத்த முயல்வது, கண்மாய்க்கரை உடைந்திருக்க வயலில் நீர் இறைப்பதற்கு ஒப்பாகும்.

"அப்படியாயின் மனந்திறந்து பேசுங்கள்" என்று உங்களுக்கு அறிவுரை கூறிவிட்டு அமர்ந்திருப்பேன். ஆனால் நாங்குநேரி என்னைத் தடுக்கிறது. 2023 ஆகஸ்டில், நம் சமுதாயத்தைச் சேர்ந்த பன்னிரண்டாம் வகுப்பு மாணவர் ஒருவர், உடன்பயின்ற ஆதிக்கச் சாதி மாணவர்களின் கொடுமை தாளாமல் பள்ளிக்குச் செல்வதை நிறுத்தினார். காரணம் கேட்டபோது பள்ளியில் உண்மையைச் சொன்னார். சொன்ன பின்னர் அன்றிரவே வீடு புகுந்து அவரை வெட்டினார்கள்; தடுக்க வந்த தங்கையும் வெட்டுப்பட்டாள். அம்மாணவர் மருத்துவமனையில் கிடந்து மீண்டு, அடுத்த ஆண்டுப் பொதுத்தேர்வில் 600க்கு 469 மதிப்பெண் பெற்றார். நாடே பாராட்டியது, நானும் மகிழ்ந்தேன். ஆயினும் சொன்னதற்காக வெட்டுப்பட்ட ஒரு பிள்ளையை அறிந்த பின்னர், எந்தப் பிள்ளையைப் பார்த்து "ஏன் சொல்லவில்லை?" என்று நான் கேட்பேன்? அந்நிகழ்வுக்குப் பின் அரசு அமைத்த நீதிபதி சந்துரு குழு 2024 சூனில் அறிக்கை அளித்தது. மாணவரின் குறைகளைக் கேட்பதற்கென்றே பள்ளிகளில் நல அலுவலர் வேண்டும் என்பது அதன் பரிந்துரைகளுள் ஒன்று. சொல்பவனுக்குத் துணிவு ஊட்டுவதைவிட, கேட்பவன் நம்பத்தக்கவனாக இருப்பது முதன்மையானது என்று அதைப் படித்தபோது எனக்குத் தோன்றியது.

மூட்டம் போடுவோர் வீட்டுப் பிள்ளைகள் இங்குப் பலர் இருக்கிறீர்கள். விறகை அடுக்கி, தழை பரப்பி, ஈரமண் பூசி, நெருப்பிட்ட பின் வெளியே நெருப்புத் தெரியாது. வழிப்போக்கருக்கு அது வெறும் மண்மேடு. மூட்டக்காரரோ இரவில் எழுந்து எழுந்து சுற்றிவருவார். எங்கே மண் பிளந்திருக்கிறது, புகை எந்நிறத்தில் வருகிறது என்று பார்ப்பார். பிளவைக் காணாமல் உறங்கிவிட்டால் விடிந்ததும் கரி இராது, சாம்பல்தான். அம்மாணவரின் தந்தை என்னிடம் கூறினார்: "மூட்டத்தை ராத்திரியெல்லாம் முழிச்சுப் பாத்தேன் சார். பிள்ளையப் பாக்காம விட்டுட்டேனே."

அவர்மேல் குற்றமில்லை. சென்று வரவேண்டுமானால் ஒரு வாரக் கூலி போய்விடும். பார்த்திருக்க வேண்டியவர்கள் நாம். அந்தப் பிளக்சுக்கும் பொன்னாடைக்கும் மாலைக்கும் ஒலிபெருக்கிக்கும் சங்கம் செலவிட்ட தொகையைப் பழைய கணக்குப் புத்தகத்தில் தேடிப் பார்த்தேன். அத்தொகையில் நம்மில் ஒருவர் அக்கல்லூரி விடுதிக்கு நான்கு முறை சென்று வந்திருக்கலாம்.

ஆகவே சங்கத்தின் முன் சிலவற்றை வைக்கிறேன். கல்லூரியில் சேரும் பிள்ளைக்குப் பிளக்ஸ் வேண்டா. பொன்னாடை போர்த்தித்தான் தீரவேண்டுமெனில் படித்து முடித்த பின் போர்த்துவோம். இடையில் திரும்பி வந்தவரையும் அதே மேடைக்கு அழைப்போம். உதவித்தொகைப் பதிவேட்டில் மதிப்பெண்ணுக்கும் கட்டணத்திற்கும் பத்திகள் இருக்கின்றன. "கடைசியாக நேரில் பார்த்தவர் யார், எந்த நாள்" என்பதற்கும் ஒரு பத்தி சேருங்கள். தேர்வில் தவறிய பிள்ளையின் வீட்டுக்கு முடிவு வந்த அன்று மாலையே செல்லுங்கள். இரண்டாயிரத்தின் தொடக்க ஆண்டுகளிலிருந்து நம் மாநிலத்தில் உடனடித் துணைத்தேர்வு இருக்கிறது; அதே ஆண்டில் எழுதி மேற்படிப்பைத் தொடரலாம். இதை அறியாத வீடுகள் இன்றும் உண்டு. பருத்திக்கு வாங்கும் பூச்சிமருந்தை வீட்டிற்குள் வையாமல் பூட்டி வையுங்கள். சென்னையில் 1986இல் 'சினேகா'வைத் தொடங்கிய மனநல மருத்துவர் லட்சுமி விஜயகுமார் அவர்களும் குழுவினரும், கடலூர் மாவட்டச் சிற்றூர்களில் இதற்கெனப் பொதுப் பெட்டகம் வைத்துப் பார்த்து, அது உயிரிழப்பைக் குறைக்க உதவும் என்று எழுதியிருக்கிறார்கள்.

இளைஞர்களே, ஊரில் யாரிடமும் சொல்ல இயலாத நிலை வந்தால் 14416 என்னும் எண் இருக்கிறது. 2022 அக்டோபரிலிருந்து அரசு நடத்துவது, கட்டணமில்லை, இரவு பகல் எந்நேரமும் தமிழில் பேசலாம். உங்கள் பெயரையோ தெருவையோ சொல்லியாக வேண்டும் என்பதில்லை. நம் சங்கக் கட்டடத்தின் சுவரில், நன்கொடையாளர் பெயர்களுக்கு மேலே, அவ்வெண்ணைப் பெரிதாக எழுதிவைக்க வேண்டும். மேலே என்றால் சிலருக்கு வருத்தம் வரும், வரட்டும்.

அந்த மாணவரைப் பற்றிச் சொல்லி முடிக்கிறேன். அவர் அக்கல்லூரிக்குத் திரும்பவில்லை. அருப்புக்கோட்டையில் மோட்டார் காயில் கட்டும் கடையில் வேலை பார்க்கிறார்; தொலைநிலைக் கல்வியில் பட்டப்படிப்பில் சேர்ந்திருக்கிறார். முதலாண்டில் ஒரு தாள் போய்விட்டது என்று சென்ற மாதம் அவரே என்னை அழைத்துச் சொன்னார். வாட்சப்பில் அன்று, குரலில்.

இவ்வாண்டு நம் சங்கத்தின் உதவியால் வெளியூர்க் கல்லூரிகளில் சேர்ந்திருக்கும் பிள்ளைகளின் பட்டியல் செயலாளரிடம் இருக்கிறது. தீபாவளிக்கு முன்னர் அவர்களுள் ஒவ்வொருவரையும் நம்மில் ஒருவர் நேரில் பார்த்து வரவேண்டும். காலாண்டு விடுமுறையில் எனக்கு ஓய்விருக்கிறது. பட்டியலில் மிகத் தொலைவான ஊர் எதுவோ, அதற்கு எதிரே என் பெயரை எழுதிக்கொள்ளுமாறு செயலாளர் அவர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.